பெட்டி நம்முடையது, சாவி யாருடையது?

ஏனாத்தூர் காலனிப் படிப்பகத்தில் அண்ணல் படத்துக்குக் கீழே ஒரு வெள்ளைப் பெட்டி இருக்கிறது. ரெண்டு கொம்பு, நாலு பச்சை விளக்கு. வைஃபை பெட்டி. ரவுட்டர் என்று பெயர். பிள்ளைகள் ஆளுக்கு ஐம்பதும் நூறுமாகப் போட்டு வாங்கியது. மாதக் கட்டணமும் அப்படித்தான் சேர்கிறது. ஒரு மாசம் கூலி சரியாகக் கிடைக்கவில்லை என்றால் விளக்கு அணையும். அடுத்த மாசம் மறுபடி எரியும்.

அன்றைக்கு டி.என்.பி.எஸ்.சி. விண்ணப்பத்துக்குக் கடைசி ராத்திரி. பன்னிரண்டு மணிக்குள் அனுப்பியாக வேண்டும். பி.எஸ்சி. முடித்த தங்கை ஒருத்தி போட்டோவையும் கையெழுத்தையும் ஏற்றிவிட்டுக் காத்திருக்கிறாள். “சுத்திக்கினே கீதுண்ணா, போவ மாட்டேங்குது” என்கிறாள். லைன் கொடுத்தவருக்குப் போன் போட்டோம். ஊர்த்தெருக்காரர். “அது பழைய பெட்டிப்பா, தூக்கிப் போட்டுட்டுப் புதுசு வாங்குங்க” என்றார். “அட்மின் பாஸ்வேர்டு இன்னா சார், நாங்களே பாத்துக்கறோம்” என்று தம்பி ஒருவன் கேட்டான். அதற்கு வந்த பதில்தான் என்னை இதை எழுத வைத்தது.

“அதெல்லாம் உங்களுக்கு எதுக்கு? எதையாவது நோண்டிக் கெடுத்துடுவீங்க.”

உங்களுக்கு எதுக்கு. இந்த ரெண்டு சொல்லை நாம் எத்தனை தலைமுறையாகக் கேட்கிறோம்! படிப்பு உங்களுக்கு எதுக்கு. நிலம் உங்களுக்கு எதுக்கு. செருப்பு உங்களுக்கு எதுக்கு. கோயில் வாசல் உங்களுக்கு எதுக்கு. இப்போது அந்த வரிசையில் அட்மின் பாஸ்வேர்டும் சேர்ந்துவிட்டது. பணம் நம்முடையது, பெட்டி நம்முடையது, சுவர் நம்முடையது, கரண்டு பில் நம்முடையது. சாவி மட்டும் வேறு யாருடையதோ.

அன்று ராத்திரி என் செல்போன் நெட்டைப் பகிர்ந்து விண்ணப்பத்தை அனுப்பிவிட்டோம். ஞாயிற்றுக்கிழமை பெட்டியைத் திறந்தோம். ஸ்க்ரூ டிரைவரால் அல்ல. பெட்டியைக் கவிழ்த்துப் பார்த்தால் அடியில் ஒரு ஸ்டிக்கர். 192.168.1.1 என்று ஒரு முகவரி. பெயர் அட்மின். கடவுச்சொல்லும் அட்மின். கம்பெனி போட்டு அனுப்பிய அதே சொல், யாரும் மாற்றவில்லை. “உங்களுக்கு எதுக்கு” என்று பூட்டி வைத்த ரகசியம் பெட்டிக்கு அடியிலேயே அச்சடித்துக் கிடந்தது. பூட்டே இல்லாத கதவுக்குத்தான் இத்தனை நாள் வெளியே நின்றிருக்கிறோம்.

உள்ளே போனால் ஃபர்ம்வேர் தேதி 2018 என்று காட்டியது. ஃபர்ம்வேர் என்றால் வேறொன்றுமில்லை. ரவுட்டர் என்பது ஒரு சின்ன கம்ப்யூட்டர். அதற்கும் சிப் உண்டு, நினைவகம் உண்டு. அந்த நினைவகத்தில் பதிந்து கிடந்து, கரண்டு வந்ததும் எழுந்து, யாரை உள்ளே விடுவது, யாரைத் தடுப்பது, எந்தச் செய்தியை எந்த வழியில் அனுப்புவது என்று தீர்மானிக்கிற நிரல்தான் ஃபர்ம்வேர். பெட்டிக்குள் இருக்கும் சட்டப் புத்தகம் என்று வைத்துக்கொள்ளுங்கள். சட்டத்தில் ஓட்டை கண்டுபிடிக்கப்படும்போது கம்பெனி திருத்தி வெளியிடுகிறது. 2018க்குப் பிறகு எங்கள் பெட்டிக்கு மூன்று திருத்தங்கள் வெளியாகியிருந்தன. ஒன்றுகூட காலனிக்கு வந்து சேரவில்லை. திருத்தங்கள் தானாகச் சேரிக்கு வந்து சேர்ந்த வரலாறு எப்போது இருந்தது?

*

“தோழர், ஆணவக் கொலையும் கூலியும் நிலமும் பேசவேண்டிய பக்கத்தில் வைஃபை பெட்டி எதுக்கு?” என்று கேட்கலாம். கேட்க வேண்டும். என் பதில் இது.

இன்றைக்கு வேலைக்கு விண்ணப்பம் இணையத்தில். உதவித்தொகை இணையத்தில். சாதிச் சான்றிதழ், பட்டா, சிட்டா, ‘அ’ பதிவேடு எல்லாம் இணையத்தில். 1892 அரசாணையின்படி செங்கல்பட்டு ஜில்லாவில் நம் முன்னோருக்குக் கொடுத்த பஞ்சமி நிலம் இப்போது யார் பெயரில் நிற்கிறது என்று தேடுகிற தோழர்கள் முதலில் தட்டுவது இந்தக் கதவைத்தான். எல்லாம் அந்த வெள்ளைப் பெட்டி வழியாகத்தான் போகிறது, வருகிறது. பெட்டியைக் கைவசம் வைத்திருப்பவன் நம் போக்குவரத்தைக் கைவசம் வைத்திருக்கிறான். ஊர்வழியாகப் பிணம் போகக்கூடாது என்று மறித்தவர்களை நமக்குத் தெரியும். மறிப்பதற்கு மண்பாதைதான் வேண்டும் என்பதில்லை.

மறிக்காமல் திருப்பியும் விடலாம். நான் வங்கியில் கவுண்ட்டரில் உட்காருகிறவன். “சார், நான் பேங்க் பக்கத்துலதான் சார் நம்பர் போட்டேன்” என்று சேமிப்பை இழந்து அழுகிறவர்களைப் பார்க்கிறேன். போனில் ஏமாந்தவர்கள் அதிகம். ஆனால் ஏமாறாமலே இழக்கவும் வழி உண்டு. 2011, 2012இல் பிரேசில் நாட்டில் நடந்ததைச் சொல்கிறேன். அங்கே சுமார் 45 லட்சம் வீட்டு மோடம்களின் ஃபர்ம்வேரில் இருந்த ஒரு ஓட்டை வழியாகத் திருடர்கள் உள்ளே போனார்கள். போனவர்கள் ஒரே ஒரு வரியைத்தான் மாற்றினார்கள். எந்தப் பெயருக்கு எந்த முகவரி என்று சொல்லும் டி.என்.எஸ். வரியை. அதற்குப் பிறகு மக்கள் தங்கள் வங்கியின் பெயரைச் சரியாகத்தான் தட்டினார்கள். வந்து நின்றது திருடன் செய்த பக்கம். கம்ப்யூட்டரில் வைரஸ் இல்லை, தட்டியதில் பிழை இல்லை, பிழை பெட்டிக்குள். எவ்வளவு படித்தவனாலும் திரையைப் பார்த்துக் கண்டுபிடிக்க முடியாத பிழை.

அது தூர தேசம் என்று விட முடியாது. 2017 ஜூலையில் நம் நாட்டில் பி.எஸ்.என்.எல். பிராட்பேண்ட் மோடம்கள் சுமார் 60,000 கெட்ட நிரல் ஒன்றால் செயலிழந்தன. கம்பெனி போட்ட அதே கடவுச்சொல் மாற்றப்படாமல் கிடந்தவை அவை. அதற்கு முந்தைய ஆண்டு மிராய் என்ற நிரல் அறுபத்துச் சொச்சம் பெயர்–கடவுச்சொல் ஜோடிகளை மட்டும் வைத்துக்கொண்டு லட்சக்கணக்கான கேமராக்களையும் ரவுட்டர்களையும் கைப்பற்றியது. 2016 அக்டோபர் 21இல் அந்தப் படையை ஏவித்தான் அமெரிக்காவில் பெரிய பெரிய இணையதளங்களை முடக்கினார்கள். 2018இல் மைக்ரோடிக் ரவுட்டர்கள் இரண்டு லட்சம் அளவில் பிடிபட்டு யாருக்கோ நாணயம் சுரங்கம் தோண்டிக் கொடுத்தன. அந்த ஓட்டைக்குத் திருத்தம் ஏப்ரலிலேயே வந்துவிட்டது. ஆகஸ்டிலும் ஏற்றாமல் இருந்தவர்களின் பெட்டிகள்தான் மாட்டின.

கவனியுங்கள். பெட்டியின் சொந்தக்காரனுக்குத் தெரியாமலே அவன் பெட்டி வேறொருவனுக்கு வெட்டி வேலை செய்தது. கரண்டு இவனுடையது, உழைப்பு இவன் பெட்டியுடையது, பலன் வேறொருவனுக்கு. பண்ணையாள் முறை என்று இதற்கு நம்மிடம் பழைய பெயர் இருக்கிறது.

*

இன்னொரு கதையும் சொல்ல வேண்டும். 2002 டிசம்பரில் லிங்க்சிஸ் நிறுவனம் டபிள்யூ.ஆர்.டி.54ஜி என்ற நீலமும் கறுப்புமான ஒரு ரவுட்டரை விற்பனைக்கு விட்டது. அடுத்த ஆண்டு சிலர் அதன் ஃபர்ம்வேரைப் பிரித்துப் பார்த்தார்கள். உள்ளே இருந்தது லினக்ஸ். உலகம் முழுக்கப் பலர் சேர்ந்து எழுதிப் பொதுவில் வைத்த நிரல். யாரும் எடுக்கலாம், மாற்றலாம், விற்கவும் செய்யலாம். ஒரே நிபந்தனை: விற்றால் மூலநிரலையும் கொடுக்க வேண்டும். பொதுவிலிருந்து எடுத்ததைப் பொதுவுக்குத் திருப்ப வேண்டும். கம்பெனி எடுத்தது, திருப்பவில்லை. கேட்டார்கள். விடாமல் கேட்டார்கள். 2003இல் மூலநிரலை வெளியிட வேண்டி வந்தது. அதை வைத்துக்கொண்டு 2004இல் தொடங்கியதுதான் ஓப்பன்டபிள்யூஆர்டி என்ற பொது ஃபர்ம்வேர். இன்றும் நூற்றுக்கணக்கான மாடல் ரவுட்டர்களில் ஏறுகிறது. கம்பெனி கைவிட்ட பெட்டிக்கும் பல சமயம் புது உயிர் கொடுக்கிறது.

ஏரி வெட்டியவன் யார், அந்த ஏரியில் தண்ணி மொள்ளக் கூடாதென்று விரட்டப்பட்டவன் யார் என்று தெரிந்த நமக்கு இந்தக் கதையைத் தனியாக விளக்க வேண்டியதில்லை. பலர் உழைப்பை ஒருவன் பெட்டியில் அடைத்துப் பூட்டினான். கேட்டதால் திறந்தது. கேட்காமல் எந்தப் பூட்டும் திறந்ததில்லை.

அதற்காக, திருத்தம் வந்தால் எல்லாம் மாறிவிடும் என்று நான் சொல்ல வரவில்லை. இங்கிருந்து பஸ் ஏறினால் போய்விடுகிற தூரத்தில் உத்திரமேரூர். வைகுண்டப் பெருமாள் கோயில் சுவரில் முதலாம் பராந்தகன் காலத்துக் கல்வெட்டுகள். குடவோலை, ஜனநாயகத்தின் தாய்வீடு என்று பாடப்புத்தகம் முதல் பாராளுமன்றம் வரை பெருமை பேசுகிறார்கள். கி.பி. 919இல் ஒரு விதி வெட்டினார்கள். இரண்டே ஆண்டில், 921இல், அதைத் திருத்தி வெட்டினார்கள். வேட்பாளர் வயது முதலில் 30 முதல் 60. திருத்தத்தில் 35 முதல் 70. கணக்குக் காட்டாதவன் நிற்கக்கூடாது என்றெல்லாம் நல்ல விதிகளும் உண்டு. ஆனால் கால்வேலி நிலம் வேண்டும், சொந்த மனையில் வீடு வேண்டும், வேதம் தெரிந்திருக்க வேண்டும் என்பது ரெண்டிலும் இருக்கிறது. வேதத்தோடு பாஷ்யமும் கற்றவனுக்கு அரைக்கால் வேலி போதும் என்று சலுகை வேறு. நிலம் இல்லாதவனுக்கு? அந்த நிலத்தில் நாற்று நட்டவனுக்கு? அவனுக்கு ஓலையும் இல்லை, குடமும் இல்லை. சதுர்வேதிமங்கலத்தின் ஃபர்ம்வேர் அப்டேட் ஆனது. அட்மின் மாறவில்லை.

இந்த வித்தியாசம்தான் எனக்கு முக்கியம். வைஃபைக்குப் பெயர் மாற்றுவது எளிது, யார் வேண்டுமானாலும் ‘ஜெய்பீம்’ என்று வைக்கலாம். உள்ளே அட்மின் சொல் மாறாமல் இருந்தால் பெயர் பலகைதான். ‘காலனி’ என்ற சொல்லை அரசு ஆவணங்களிலிருந்து நீக்குவதாக 2025 ஏப்ரலில் முதலமைச்சர் அறிவித்தார். வரவேற்கலாம். ஆனால் பெயர் மாறிய தெருவில் சாவி யார் இடுப்பில் தொங்குகிறது என்பதுதான் அடுத்த கேள்வி. 2020இல் கடலூர் மாவட்டம் தெற்குத்திட்டையில் ஊராட்சித் தலைவரான தலித் பெண் கூட்டத்தில் தரையில் உட்கார வைக்கப்பட்ட படத்தை எல்லோரும் பார்த்தோம். அட்மின் என்று பெயர் அவருக்கு. பாஸ்வேர்டு நாற்காலியில் உட்கார்ந்திருந்தவர்களிடம்.

*

சரி, கையால் செய்ய வேண்டியதைச் சொல்கிறேன். படிப்பகத்தில், விடுதியில், வூட்டில் பெட்டி இருக்கிற தோழர்கள் இதை ஒரு ஞாயிற்றுக்கிழமை செய்யலாம்.

முதலில் பெட்டியைக் கவிழ்த்து மாடல் பெயரையும், அதன் பக்கத்தில் வி1, வி2 என்று இருக்கும் எண்ணையும் எழுதிக்கொள்ளுங்கள். ஒரே மாடலில் வி1க்குப் போடவேண்டியதை வி2க்குப் போட்டால் பெட்டி செத்துப்போகலாம். ஃபர்ம்வேரை அந்தக் கம்பெனியின் சொந்தத் தளத்திலிருந்து மட்டும் இறக்குங்கள். யாரோ வாட்ஸ்அப்பில் அனுப்பியதைத் தொடாதீர்கள். இப்போதுள்ள அமைப்புகளை, முக்கியமாக இணைப்புக்கான பெயரையும் கடவுச்சொல்லையும், தாளில் எழுதி வையுங்கள். வைஃபையில் செய்யாதீர்கள், கேபிள் செருகிச் செய்யுங்கள். நம்மூர் கரண்டை நம்பாதீர்கள். பாதியில் போனால் பெட்டி எழாது. இன்வெர்ட்டரோ யு.பி.எஸ்.ஸோ இருக்கிற இடத்துக்குத் தூக்கிக்கொண்டு போய் செய்யுங்கள். ஐந்து நிமிஷம் விளக்கு விட்டு விட்டு எரியும். பயந்துபோய் சுவிட்சை அணைக்கக் கூடாது.

திருத்தம் ஏறியதும் அட்மின் கடவுச்சொல்லை மாற்றுங்கள். வைஃபை கடவுச்சொல் வேறு, அட்மின் கடவுச்சொல் வேறு. முதலாவது எல்லோருக்கும், இரண்டாவது பொறுப்பில் உள்ள ரெண்டு மூன்று பேருக்கு. வெளியிலிருந்து பெட்டியை இயக்கும் வசதி திறந்திருந்தால் மூடுங்கள். டபிள்யூ.பி.எஸ். என்ற பொத்தான் வசதியை அணையுங்கள். பாதுகாப்பு முறை டபிள்யூ.பி.ஏ.2 அல்லது 3 என்று இருக்கட்டும்.

வேகத்துக்கு ஒரு வார்த்தை. 2.4 கிகாஹெர்ட்ஸ் அலைவரிசையை 2005 முதல் உரிமம் இல்லாமல் யாரும் பயன்படுத்தலாம். காற்றில் ஊர், சேரி என்று கோடு இல்லை. ஊர்த்தெருப் பெட்டியும் நம் பெட்டியும் ஒரே சேனலில் முட்டிக்கொண்டு ரெண்டும் தவிக்கும். ஒன்றோடொன்று மோதாத சேனல்கள் 1, 6, 11. கூட்டம் குறைந்த ஒன்றைத் தேர்ந்தெடுங்கள். பெட்டியைத் தரையிலும் பீரோவுக்குப் பின்னாலும் வைக்காமல் நடுவில், உயரத்தில் வையுங்கள். எங்கள் படிப்பகத்தில் வேகம் கூடியதற்குப் பெரும்பங்கு சேனல் மாற்றியதுதான் என்று நினைக்கிறேன். ஃபர்ம்வேர் கொடுத்தது முக்கியமாகப் பாதுகாப்பு. உண்மையை உண்மையாகச் சொல்ல வேண்டும். கேபிள் செருகிப் பார்த்தும் மெதுவாக இருந்தால் கோளாறு லைனில். பெட்டியை என்ன செய்தும் பயனில்லை, லைன் கொடுத்தவரைத்தான் கேட்க வேண்டும்.

ஃபைபர் இணைப்போடு கம்பெனியே கொடுத்த பெட்டியானால் கதை வேறு. பெரும்பாலும் அவர்களே தூரத்திலிருந்து திறந்து திருத்துவார்கள், நமக்கு முழு அனுமதி இருக்காது. அங்கே நாம் கேட்க வேண்டிய கேள்வி: கடைசியாக எப்போது திருத்தினீர்கள்? எழுதிக் கொடுங்கள். முடிந்தால் அதற்குப் பின்னால் சொந்தப் பெட்டி ஒன்றைச் செருகி நம் வீட்டுக்குள் நடப்பதையாவது நம் கையில் வைத்துக்கொள்ளலாம்.

இத்தோடு நின்றால் இது சுயஉதவிக் குறிப்பாகப் போய்விடும். தனி ஒருவன் தன் கதவைப் பூட்டிக்கொள்வது விடுதலை அல்ல. பிரிட்டனில் 2024 ஏப்ரல் 29 முதல் ஒரு சட்டம் நடப்பில் இருக்கிறது. எல்லாப் பெட்டிக்கும் ஒரே கடவுச்சொல் போட்டு விற்கக் கூடாது. எவ்வளவு காலம் பாதுகாப்புத் திருத்தம் தருவோம் என்பதை விற்கும்போதே சொல்ல வேண்டும். இதை இங்கேயும் கேட்க வேண்டும். பழைய பெட்டியைத் தூக்கிப் போட்டுப் புதுசு வாங்கு என்பது பணக்காரன் தீர்வு. கூலிக்காரன் பெட்டி பத்து வருஷம் ஓட வேண்டும். எந்த ஆண்டு கம்பெனி நம்மைக் கைவிடும் என்பது வாங்குகிற நாளிலேயே நமக்குத் தெரிந்தாக வேண்டும். தமிழ்நாட்டில் 12,525 ஊராட்சிகளுக்கு ஃபைபர் கொண்டுபோகும் பாரத்நெட் திட்டத்தில் கம்பி ஊராட்சி அலுவலகத்தோடு நிற்குமா, சேரிக்குள் வருமா என்று கேட்பதோடு, வந்தால் அந்தப் பெட்டியின் சாவி யாரிடம் என்றும் கேட்போம். மாணவத் தோழர்கள் விடுதிக்கு ரெண்டு பேர், காலனிக்கு ரெண்டு பேர் என்று இதைக் கற்றுக்கொண்டு கற்றுக்கொடுங்கள். அதில் ஒருவர் பெண்ணாக இருக்கட்டும். நம் வீடுகளுக்குள்ளும் “உனக்கு எதுக்கு” என்ற சொல் ஓடிக்கொண்டுதான் இருக்கிறது.

எங்கள் படிப்பகத்தில் அட்மின் கடவுச்சொல் இப்போது ரெண்டு பேரிடம் இருக்கிறது. ஒருவர், அன்று ராத்திரி விண்ணப்பம் போகாமல் தவித்த அந்தத் தங்கை. சொல் என்ன என்று என்னிடமே சொல்ல மாட்டேன் என்கிறாள். “உங்களுக்கு எதுக்குண்ணா?” என்று சிரிக்கிறாள்.

அந்த ரெண்டு சொல் முதல்முறையாக என் காதுக்கு இனித்தது.